வெள்ளி நாக்கு சாஸ்திரியார்

அமெரிக்காவில் அதிபர் தேர்தல் வந்தால் வேட்பாளர்கள் டி.வி.யில் எதிரெதிரே நின்று வாதம் செய்வார்கள். 1960இல் கென்னடியும் நிக்சனும் தொடங்கி வைத்தது இது. நம் நாட்டுக்கு டி.வி.யே வராத காலத்தில், வாதத்தால் உலகப் புகழ் பெற்றவர் நம்ம டெல்டாவிலும் ஒருவர் இருந்தார். அவர்தான் வி.எஸ்.சீனிவாச சாஸ்திரியார்.

பாடைக் காவடிக்குப் பேர்போன வலங்கைமானில் 22.9.1869 அன்று பிறந்தார். காந்தியடிகளைவிட பத்து நாள்தான் மூத்தவர்! அப்பா ஏழைப் புரோகிதர். கும்பகோணத்தில் படித்து, மாயவரத்தில் பள்ளிக்கூட வாத்தியாரானார். பின்பு சென்னை திருவல்லிக்கேணியில் தலைமை ஆசிரியர். கோகலேயைக் குருவாக ஏற்று, அந்த வேலையையும் விட்டுவிட்டு நாட்டுப் பணிக்கு வந்தார்.

1919இல் ரௌலட் சட்டம் வந்தது. சரியான விசாரணை இல்லாமலே ஆளைப் பிடித்து உள்ளே போடலாம் என்கிற சட்டம். டெல்லி சட்டசபையில் சாஸ்திரியார் எழுந்து அதை எதிர்த்துப் பேசினார். பேச்சில் கோபம் இருந்தது, வசவு இல்லை. வைசிராயே மெய்மறந்து கேட்ட மாதிரி இருந்ததாம். பார்வையாளராக உட்கார்ந்திருந்த காந்தியடிகள் இதைச் 'சத்திய சோதனை'யில் எழுதியிருக்கிறார். ஆனாலும் சட்டம் நிறைவேறிவிட்டது. சாஸ்திரியார் வாதம் ஓட்டில் தோற்றது. மக்கள் மனதில் நின்றது.

அடுத்து ஒத்துழையாமை இயக்கம். அதில் காந்தியடிகளையே எதிர்த்தார்! அதற்காக இருவரும் பகையாகிவிடவில்லை. காந்தியடிகள் வற்புறுத்தியதால்தான் 1927இல் இந்தியாவின் பிரதிநிதியாகத் தென்னாப்பிரிக்கா போனார். அங்கே கிளர்க்ஸ்டார்ப் என்ற ஊரில் பேசும்போது வெள்ளையர் சிலர் கலாட்டா செய்தார்கள். மேடைக்கு அடியில் குண்டும் வெடித்தது. நாமாக இருந்தால் ஓடியிருப்போம். அவரோ கலவரம் அடங்கியதும் விட்ட இடத்திலிருந்து பேசினார். டர்பனில் இந்தியப் பிள்ளைகளுக்காக அவர் முயற்சியில் எழுந்ததுதான் சாஸ்திரி கல்லூரி.

1946 ஜனவரியில் சென்னையில் அவர் நோயாய்ப் படுத்திருந்தபோது காந்தியடிகள் நேரில் வந்து பார்த்தார். அதே ஆண்டு ஏப்ரல் 17இல் காலமானார்.

நண்பர்களே! வகுப்புத் தலைவர் தேர்தலிலும் பட்டிமன்றத்திலும் நாம் என்ன செய்கிறோம்? சத்தம் போடுகிறோம்; தோற்றால் ஒரு வாரம் பேசுவதில்லை. எதிர்க்க வேண்டியது கருத்தைத்தான், ஆளை அல்ல. பக்கத்து ஊர்க்காரர் வாழ்ந்தே காட்டியிருக்கிறார். நாமும் முயன்று பார்ப்போமே!

– 9ஆம் வகுப்பு 'ஆ' பிரிவு