கதவைத் திறந்த டாக்டரம்மா



நம்ம வீட்ல யாராவது ஆஸ்பத்திரியில படுத்திருந்தா, டாக்டர் வந்து பார்ப்பது அஞ்சு நிமிஷம். மீதி நேரம் பூரா கூட இருப்பது நர்ஸும் ஆயாவும்தான். அவங்க கடமை என்ன? நம்ம ஊரில் பிறந்த டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் வாழ்க்கையில் அதற்குப் பதில் இருக்கு.

1886 ஜூலை 30-ல் புதுக்கோட்டையில் பிறந்தார். அப்பா நாராயணசாமி, மன்னர் கல்லூரி முதல்வர். அம்மா சந்திரம்மாள், தேவதாசி குலத்தில் பிறந்தவர். முத்துலட்சுமி அந்தக் கல்லூரியில் சேரப் போனபோது, பொம்பளப் பிள்ளை எப்படிப் பசங்களோட படிக்கலாம்னு எதிர்ப்பு கிளம்பியது. மன்னர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான் அனுமதி கொடுத்தார். 1907-ல் சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்து 1912-ல் டாக்டர் ஆனார். பிறகு சென்னை சட்டசபையின் முதல் பெண் உறுப்பினரும் ஆனார். தேவதாசி முறையை ஒழிக்க அங்கே போராடினார். 1947-ல் அதற்குச் சட்டம் வந்தது.

1930-ல் ஒருநாள் மூன்று பெண் பிள்ளைகள் அவர் வீட்டுக் கதவைத் தட்டினார்கள். தேவதாசி வாழ்க்கை வேண்டாம்னு ஓடி வந்தவர்கள். விடுதிகளில் கேட்டுப் பார்த்தார். குலத்தைக் காரணம் காட்டி யாருமே சேர்க்கலை. அவரோ தன் வீட்டிலேயே வச்சுக்கிட்டார். அப்படிப் பிறந்ததுதான் அவ்வை இல்லம்.

1923-ல் தங்கை புற்றுநோயால் இறந்துபோனார். அப்போ இது தீராத நோய்னு எல்லாரும் கைவிட்ட காலம். அவர் விடவில்லை. முப்பது வருஷம் கழிச்சு, 1954-ல், அடையாறு புற்றுநோய் மருத்துவமனை வெறும் 12 படுக்கைகளோடு ஆரம்பமாச்சு. 1956-ல் பத்மபூஷண் விருது பெற்றார். 1968 ஜூலை 22-ல் மறைந்தார்.

இதில் நமக்கு இரண்டு பாடம் இருக்கு. உதவின்னு வந்தவங்ககிட்ட நீ யாரு, எந்தக் குலம்னு கேட்கக் கூடாது. குணமாகாதுன்னு தெரிஞ்சாலும் நோயாளியைக் கைவிடக் கூடாது. இது டாக்டருக்கு மட்டுமல்ல. படுக்கை விரிக்கிறவங்க, வண்டி தள்ளுறவங்க, சோறு ஊட்டுறவங்க எல்லாருக்கும்தான். முகம் சுளிக்காம ஒரு வாய் தண்ணி கொடுப்பதும் வைத்தியம்தானே!

நம்ம வகுப்பிலேயே நாளைக்கு நர்ஸாகப் போறவங்க இருக்காங்க. அந்த மூன்று பிள்ளைகளைப் போல யாராவது உங்க வாசலுக்கும் வருவாங்க. அன்னைக்கு நீங்க கதவைத் திறப்பீங்களா? யோசிங்க!