நாடகக் கொட்டகையைப் பள்ளிக்கூடமாக்கிய நெல்லைத் தமிழர்

தாமிரபரணி பாயும் நெல்லைச் சீமை தந்த கப்பலோட்டிய தமிழரை நாம் அறிவோம். கவி பாரதியை அறிவோம். நாடகத் தமிழுக்கு அது தந்த தலைமையாசிரியரை எத்தனை பேர் அறிவோம்? அவர்தான் சங்கரதாஸ் சுவாமிகள்!

1867இல் தூத்துக்குடிக்கு அருகே, அன்றைய நெல்லை மாவட்டத்துக் காட்டுநாயக்கன்பட்டியில் பிறந்தார். தந்தை தாமோதரத் தேவரிடமும், பழனி தண்டபாணி சுவாமிகளிடமும் தமிழ் பயின்றார். உப்புப் பண்டகசாலையில் கணக்கெழுதினார். அந்த வேலையை உதறிவிட்டு 24ஆம் வயதில் மேடை ஏறினார். எந்த மேடை? கூத்தாடி என்று ஊரார் ஏளனம் செய்த மேடை!

இரணியனாக, இராவணனாக, எமனாக நடித்தார், பின்னர் ஆசிரியரானார். அன்றைய நடிகர் சிலர் வாய்க்கு வந்ததைப் பேசினர். குடித்துவிட்டு வந்தவரும் உண்டு. அவர்களோடு மல்லுக்கட்டிப் பயனில்லை என்று கண்ட சுவாமிகள் சிறுவர்களைத் திரட்டினார். 1918இல் மதுரையில் தோன்றிய தத்துவ மீனலோசனி வித்துவ பால சபைக்கு ஆசிரியரானார். ஏழை வீட்டுப் பிள்ளைகளுக்கு அங்கே சோறு கிடைத்தது, சொல்லும் கிடைத்தது. எழுத்தைத் திருத்தமாக உச்சரிக்க, தாளம் தவறாது பாட, முழு நாடகத்தையும் மனத்தில் நிறுத்தக் கற்றனர். கண்டிப்பு மிகுதி, கற்றதும் மிகுதி.

பாலகனாக வந்த டி. கே. சண்முகத்துக்காக ஒரே இரவில் ‘அபிமன்யு சுந்தரி’யை எழுதி முடித்தார் அந்த ஆசான். அந்தச் சண்முகம் சகோதரர்கள் பின்னாளில் நடத்திய குழுவில் வளர்ந்தவர்தான் நம் கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன்.

சுவாமிகள் எழுதியவை பெரும்பாலும் புராணக் கதைகளாயிற்றே எனத் தோழர்கள் கேட்கலாம். உண்மைதான். அந்தக் கதைகளை நாம் ஏற்கவில்லை. ஆனால் விதையை ஏற்காதவனும் உழுதவனின் உழைப்பை மறுப்பதுண்டோ? மேடை மக்களின் பள்ளிக்கூடம் என்ற உண்மையை நம் இயக்கம் கையாண்டது. அந்தப் பள்ளிக்கு ஒழுங்கு தந்தவர் அவர். தினைப்புனம் காக்கும் குறவர் வீட்டுப் பெண் வள்ளி, நாரதரோடு நேருக்கு நேர் தர்க்கம் புரிவதைக் கேட்க ஊரே விடியவிடிய விழித்திருந்தது!

பக்கவாதம் அவருடைய பேச்சைப் பறித்தது. 1922 நவம்பர் 13இல் புதுவையில் கண்மூடினார். பேச்சு நின்றது, பாடம் நிற்கவில்லை. ஊருக்கொருவராக வந்து கூடும் ஸ்பெஷல் நாடக நடிகர்கள், ஒத்திகையின்றியே இன்றும் வள்ளி திருமணம் நடத்துகிறார்களே, எப்படி? எல்லோருக்கும் பாடம் ஒன்று, ஆசான் ஒருவர்!

திருவிழாக் காலத்தை நம்பி வாழும் அந்தக் கலைஞர்களின் பிழைப்பைத்தான் 2020இல் பெருந்தொற்று முடக்கியது. மேடை இருண்டபோது அவர்கள் அடுப்பும் அணைந்தது. சிலைக்கு மாலை சூட்டினால் போதுமா? ஊர் விழாவுக்கு ஒரு நாடகம் வையுங்கள். பேசிய கூலியைக் குறையாமல் கொடுங்கள். நாடகம் கற்க விரும்பும் தொழிலாளி வீட்டுப் பிள்ளையைத் தடுக்காதீர்கள். சுவாமிகளுக்கு நாம் செலுத்தும் காணிக்கை அதுவே!