சாக்ஸபோனைத் தந்த அடால்ஃப் சாக்ஸ்

கல்யாண வரவேற்புகளில் சாக்ஸபோன் கச்சேரி கேட்காதவர்கள் நம்மில் குறைவு. மேடையில் பளபளக்கும் அந்த வளைந்த பித்தளை வாத்தியத்தைக் குழந்தைகள் வாய் பிளந்து பார்ப்பார்கள். மிருதங்கத்தையோ வீணையையோ முதலில் செய்தவர் யார் என்று கேட்டால் பதில் சொல்ல முடியாது. அவை பல தலைமுறைகள் சேர்ந்து உருவாக்கியவை. சாக்ஸபோன் அப்படியல்ல. அதை உருவாக்கியவர் ஒரே மனிதர். அவர் பெயரே அதன் பெயரிலும் இருக்கிறது. இந்த இதழில் அந்த அடால்ஃப் சாக்ஸின் கதையைப் பார்ப்போம்.

இன்றைய பெல்ஜியம் நாட்டில், மியூஸ் நதிக்கரையில் உள்ள தினான் என்ற சிற்றூரில் 1814 நவம்பர் 6 அன்று அவர் பிறந்தார். பெற்றோர் வைத்த பெயர் அந்துவான் ஜோசப். வீட்டில் கூப்பிட்ட பெயர்தான் அடால்ஃப். அப்பா சார்ல்ஸ் சாக்ஸ் இசைக்கருவிகள் செய்பவர். 11 குழந்தைகளில் இவர் மூத்தவர்.

பையன் பிழைப்பானா என்பதே அந்த ஊரில் சந்தேகமாக இருந்ததாம். மாடியிலிருந்து விழுந்து தலையில் அடிபட்டது, ஊசியை விழுங்கியது, அமிலம் கலந்த தண்ணீரைப் பால் என்று நினைத்துக் குடித்தது, வெடிமருந்தில் தீக்காயம் பட்டது, ஆற்றில் விழுந்து மிதந்தது என்று அவருடைய சிறுவயது விபத்துகள் ஒரு பட்டியலாகவே சொல்லப்படுகின்றன. அக்கம்பக்கத்தார் அவனைக் குட்டிப் பேய் என்று கூப்பிட்டார்கள் என்பார்கள். ஒவ்வொரு முறையும் எழுந்து நின்றான். பின்னாளில் வந்த அடிகளுக்கு இந்தப் பழக்கம் தேவைப்பட்டது.

குடும்பம் பிரஸ்ஸல்ஸ் நகருக்குக் குடிபெயர்ந்தது. அடால்ஃப் அப்பாவின் பட்டறையில் தொழிலும், இசைப்பள்ளியில் புல்லாங்குழலும் கிளாரினெட்டும் கற்றார். செய்யவும் தெரிந்தது, வாசிக்கவும் தெரிந்தது. அவருடைய பலமே அதுதான். வாசிக்கும்போது எந்த இடத்தில் கருவி தடுமாறுகிறது என்று காது சொல்லும். அதை எப்படிச் சரிசெய்வது என்று கை சொல்லும். 24 வயதில் அவர் மாற்றி அமைத்த பாஸ் கிளாரினெட், அதுவரை இருந்த கருவிகளைவிட மிகவும் மேம்பட்டதாக இருந்தது.

அந்தக் காலத்து ராணுவ வாத்தியக் குழுக்களில் ஒரு சிக்கல் உண்டு. கிளாரினெட் போன்ற மரக்கருவிகளின் ஒலி இனிமையானது. ஆனால் திறந்த வெளியில் ட்ரம்பெட் முழங்கினால் அது அமுங்கிப் போகும். பித்தளைக் கருவிகளுக்கு வலு உண்டு, குழைவு குறைவு. இரண்டுக்கும் நடுவே ஒரு பாலம் வேண்டும் என்று சாக்ஸ் நினைத்தார். கிளாரினெட்டில் இருப்பது போன்ற ஒற்றை நாணல் ரீடை ஊதுமுனையில் பொருத்தினார். அதை ஒரு பித்தளைக் குழாயோடு சேர்த்தார். அந்தக் குழாய் நம் நாகஸ்வரத்தைப் போல மேலிருந்து கீழே விரிந்துகொண்டே போகும் கூம்பு வடிவம் கொண்டது. இந்தக் கூம்பில்தான் சூட்சுமம். கிளாரினெட்டில் மேல் பகுதிக்குப் போனால் விரல் வைக்கும் முறை மாறிவிடும். கூம்புக் குழாயில் கீழ் ஸ்தாயிக்கும் மேல் ஸ்தாயிக்கும் விரல் முறை ஏறக்குறைய ஒன்றே. கற்பது எளிது, ஒலியும் பெரிது. உடம்பு பித்தளை என்றாலும், ரீடால் ஒலிப்பதால் சாக்ஸபோன் இன்றும் மரக்கருவி வகையில்தான் சேர்க்கப்படுகிறது.

1842-ல், கையில் காசில்லாமல், புதிய கருவியோடு அவர் பாரிஸ் வந்தார். இசையமைப்பாளர் பெர்லியோஸ் அதைக் கேட்டு அசந்துபோய், பத்திரிகையில் பாராட்டி எழுதினார். ஒரே கட்டுரையில் சாக்ஸின் பெயர் ஊர் முழுக்கத் தெரிந்துவிட்டது. பகையும் அன்றே தொடங்கியது. பாரிஸில் தலைமுறை தலைமுறையாகக் கருவி செய்துவந்த பட்டறைக்காரர்களுக்கு, வெளியூரிலிருந்து வந்த இளைஞன் தங்கள் பிழைப்பில் கை வைக்கிறான் என்று கோபம்.

பிரெஞ்சு ராணுவ இசைக் குழுக்களைச் சீரமைக்க அரசு யோசித்துக்கொண்டிருந்த நேரம். பழைய கருவிகளா, சாக்ஸின் கருவிகளா என்ற கேள்வி எழுந்தது. 1845 ஏப்ரல் 22 அன்று, பிற்காலத்தில் ஈஃபில் கோபுரம் எழுந்த அதே ஷாம்ப் த மார்ஸ் மைதானத்தில் போட்டி நடந்தது. ஒரு பக்கம் பழைய முறையில் 45 பேர். சாக்ஸின் பக்கம் 38 பேர்தான். சிலர் கடைசி நேரத்தில் வராமல் போனார்கள், எதிரிகள் விலைக்கு வாங்கிவிட்டார்கள் என்று பேச்சு. கேட்க வந்த கூட்டம் சுமார் 20,000. ஆள் குறைவாக இருந்தும் சாக்ஸின் குழுவுக்கே கைதட்டல் அதிகம். அன்று முழங்கியவற்றில் முக்கியமானவை அவருடைய சாக்ஸ்ஹார்ன் என்ற பித்தளைக் கருவிகள். அந்த ஆண்டே ராணுவம் அவருடைய கருவிகளை ஏற்றுக்கொண்டது. 1846 ஜூனில் சாக்ஸபோனுக்கு 15 ஆண்டுக் காப்புரிமையும் கிடைத்தது. சிறியது முதல் பெரியது வரை ஒரு குடும்பமாகவே அதை அவர் திட்டமிட்டிருந்தார். சொப்ரானோ, ஆல்டோ, டெனர், பாரிடோன் என்று இன்று நாம் பார்ப்பவை அந்தக் குடும்பத்தின் பிள்ளைகள்தான்.

அதன்பிறகு அவர் வாழ்க்கையில் பாதி, நீதிமன்ற வாசலிலேயே கழிந்தது. போட்டிப் பட்டறைக்காரர்கள் ஒன்று சேர்ந்து, இவை புதிய கண்டுபிடிப்பே அல்ல, காப்புரிமையை ரத்து செய்யுங்கள் என்று வழக்குத் தொடுத்தார்கள். தன் கருவிகளை நகல் எடுத்தவர்கள் மீது அவரும் வழக்குப் போட்டார். வழக்கு மேல் வழக்காக ஏறக்குறைய 20 ஆண்டுகள் ஓடின. தீர்ப்பு பெரும்பாலும் அவர் பக்கமே வந்தது, பணம்தான் வரவில்லை. 1848 புரட்சியில் அரசு மாறியதும் ராணுவ ஆதரவும் போனது. 1852-ல் திவாலானார். அடுத்து உதட்டில் புற்றுநோய்க் கட்டி வந்தது. ஊதுகருவி செய்பவருக்கு உதட்டில்! சில ஆண்டுகள் அவதிப்பட்டு, எல்லோரும் கைவிட்ட நிலையில் அதிலிருந்தும் மீண்டார். நெப்போலியன் III ஆட்சியில் அரண்மனை ஆதரவு திரும்பக் கிடைத்தது.

1857-ல் பாரிஸ் இசைக் கல்லூரியில் ராணுவ மாணவர்களுக்குச் சாக்ஸபோன் கற்றுத்தர அமர்ந்தார். 1870-ல் போர் மூண்டதும் அந்த வகுப்பு நின்றது. அங்கே மறுபடி சாக்ஸபோன் வகுப்பு தொடங்கியது 1942-ல், 72 ஆண்டுகள் கழித்து. 1866-ல் காப்புரிமை முடிந்ததும், எதிர்த்தவர்களே சாக்ஸபோன் செய்யத் தொடங்கினார்கள். 1873-லும் 1877-லும் மீண்டும் திவாலானார். அவர் ஆசையாகச் சேர்த்துவைத்திருந்த அரிய இசைக்கருவிகள் கடனுக்காக ஏலம் போயின. 1894 பிப்ரவரியில், 79 வயதில், வறுமையிலேயே காலமானார். அவர் கல்லறை பாரிஸின் மோன்மார்த்ர் இடுகாட்டில் இருக்கிறது.

அவர் இறந்தபோது சாக்ஸபோன் பெரும்பாலும் ராணுவ வாத்தியம்தான். பிஸே போன்ற சிலர் மட்டுமே அதற்குச் செவ்விசையில் இடம் கொடுத்திருந்தார்கள். 1920-களில் அமெரிக்காவில் சாக்ஸபோன் மோகம் பரவியது. ஜாஸ் இசையில் கோல்மன் ஹாக்கின்ஸ், சார்லி பார்க்கர், ஜான் கோல்ட்ரேன் போன்றவர்கள் அதை மனிதக் குரல் போலவே பேசவும் அழவும் வைத்தார்கள். பிரான்சில் ராவெல் 1928-ல் தன் பொலேரோவில் அதைச் சேர்த்தார். இதில் எதையும் கேட்க சாக்ஸ் உயிரோடில்லை.

ராணுவக் குழு என்று அவர் திறந்த அதே வாசல் வழியாகத்தான் சாக்ஸபோன் நம் பக்கமும் வந்தது. மைசூர் அரண்மனையின் பேண்டு வாத்தியக் குழுவில் அதைக் கேட்ட, நாகஸ்வரக் குடும்பத்துச் சிறுவன் ஒருவன் அதில் மனதைப் பறிகொடுத்தான். அவர்தான் கத்ரி கோபால்நாத். விசைகள் நிறைந்த மேல்நாட்டுக் கருவியில் கமகம் வராது என்றவர்களுக்கு நடுவே, கருவியில் சில மாற்றங்கள் செய்து, சென்னையில் டி. வி. கோபாலகிருஷ்ணனிடம் கற்று, அதைக் கர்நாடக இசைக் கச்சேரி மேடையில் அமர வைத்தார். கே. பாலசந்தரின் டூயட் படத்தில் ஏ. ஆர். ரஹ்மான் இசையில் அவர் வாசித்ததைக் கேட்டு வீடு வீடாக மயங்கியது 1994-ல். அடால்ஃப் சாக்ஸ் மறைந்து சரியாக 100 ஆண்டுகள்.

பிறந்த ஊரான தினானில் இன்று ஆற்றுப் பாலத்தின் மேல் வண்ண வண்ணமாகப் பெரிய சாக்ஸபோன்கள் நிற்கின்றன. யூரோ வருவதற்கு முன், பெல்ஜியத்தின் 200 ஃபிராங்க் நோட்டிலும் அவர் முகம் இருந்தது. மூன்று முறை திவாலானவரின் படம் பணத்தாளில்!

நீதிமன்றத்தில் ஜெயித்த வழக்குகளால் அவருக்குப் பெரிதாக எதுவும் மிஞ்சவில்லை. மிஞ்சியது, மைதானத்தில் 20,000 பேர் காதால் கேட்டுத் தந்த தீர்ப்புதான். அதை யாரும் மேல்முறையீடு செய்யவில்லை. அடுத்த வரவேற்பில் சாக்ஸபோன் கேட்கும்போது, பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் பிள்ளைகளுக்கு, ஒவ்வொரு முறை விழுந்தபோதும் எழுந்த அந்தத் தினான் பையனின் கதையைச் சொல்லுங்கள்.