நாட்டியப் பேரரசி பாலசரசுவதி

இரண்டாம் ஆண்டு, இளமறிவியல் (விலங்கியல்)

காதலும் கடவுள் பக்தியும் ஓருடலில் ஒன்றாக வாழ முடியுமா? இவ்வினாவுக்கு வாழ்நாளெல்லாம் ஆடியே விடை தந்தவர் தஞ்சாவூர் பாலசரசுவதி அம்மையார். 1918 மே 13இல் பிறந்தார். வீணை தனம்மாள் இவருடைய பாட்டி. பாடகி ஜெயம்மாள் தாய். நட்டுவனார் கந்தப்ப பிள்ளையிடம் பயின்று, ஏழு வயதில் காஞ்சிபுரத்து அம்மன் கோயிலொன்றில் அரங்கேறினார்.

சதிர் என்றாலே முகம் சுளித்த காலம் அது. பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்க டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி போராடினார். 1947இல் சட்டம் வந்தது. சிறுமியரைக் காத்த அச்சட்டத்தை நான் குறை கூறேன். ஆனால் வழக்கத்தோடு சேர்த்து அப்பெண்களின் கலையும் இழிந்ததாக எண்ணப்பட்டதே, அதுதான் கொடுமை! எங்கள் பழவேற்காட்டு ஏரியில் 'பாடு' முறை உண்டு. பரம்பரை உரிமையுள்ளவர்க்கே வலை விரிக்கும் முறை வரும். (பாடு இல்லாதவர் மனக்குறை தனிக்கதை.) தலைமுறையாக ஆடியவரின் பாடு பிறர் கைக்குப் போனதாகவே எனக்குத் தோன்றுகிறது.

1936இல் கலாக்ஷேத்ராவை நிறுவிய ருக்மிணிதேவி, சிருங்காரம் மிகுந்த பதங்களை விலக்கிப் பக்தியை முன்னிறுத்தினார். பாலசரசுவதி இதற்கு உடன்படவில்லை. க்ஷேத்ரய்யரின் பதங்களில் நாயகி ஏங்குவது முவ்வகோபாலனுக்காக. காதலனும் அவனே, கடவுளும் அவனே. சிருங்காரத்தைப் பிறர் வந்து தூய்மைப்படுத்த வேண்டியதில்லை, அதுவே தலையாய சுவை என்பது அம்மையார் கொள்கை. 1975இல் தமிழிசைச் சங்கத் தலைமையுரையில் நாட்டியக் கச்சேரியைக் கோயிலுக்கு ஒப்பிட்டார். அலாரிப்பு கோபுரம், மண்டபங்களைக் கடந்து உள்ளே செல்கிறோம். காதற்பதங்கள் வருவது வாசலில் அன்று, உள்ளே சென்ற பிறகே!

மறு ஆண்டு சத்யஜித் ரே 'பாலா' என்னும் படத்தை எடுத்தார். அதில் அம்மையாரைக் கடற்கரையில் ஆட வைத்தார். 'கிருஷ்ணா நீ பேகனே பாரோ' என்ற கன்னடப் பாடல். வயது 58, காற்றில் புடைவை படபடக்கிறது, பின்னால் அலை. அரங்கும் இல்லை, விளக்கும் இல்லை. கூப்பிடும் கையையும் முகத்தையும் விட்டு என் கண் அகலவில்லை.

எங்கள் குப்பத்தில் ஆடும் பெண்ணுக்கு வழங்கும் பெயரை இங்கு எழுத இயலாது. அதே பெயரைச் சொல்லித்தான் கல்லூரி விழாவில் நான் ஆடுவதை அம்மா தடுத்தார். இப்படத்தை அவருக்குக் காட்டினேன். மீன் கூடையை இறக்கிவைத்து முழுவதும் பார்த்தார். இந்த அம்மா பிள்ளையைக் கூப்பிடுகிறாரா, சாமியைக் கூப்பிடுகிறாரா என்று கேட்டார். இரண்டும் என்றேன். தடையை இன்னும் நீக்கவில்லை.

இசைவாணர்க்கே உரியதாயிருந்த சங்கீத கலாநிதி விருதை 1973இல் இந்த நாட்டியக் கலைஞர் பெற்றார். 1984 பிப்ரவரி 9இல் சென்னையில் மறைந்தார்.