அண்ணல் அம்பேத்கரும் மகாட் குளத்து வழக்கும்

பூனா நகரத்திலிருந்து பம்பாய் நோக்கிச் செல்லும் இருப்புப் பாதையில் தேஹு ரோடு என்னும் நிலையம் இருக்கிறது. துக்காராம் மகான் அவதரித்த தேஹு கிராமத்துக்குச் செல்வோர் இறங்கும் இடமாதலின் அதற்கு அப்பெயர் வந்தது. இராணுவத் தளவாடக் கிடங்கை ஒட்டி வளர்ந்த அவ்வூரில், 1954-ம் ஆண்டு டிசம்பர் மாதம் 25-ந் தேதி, டாக்டர் பாபாசாகேப் அம்பேத்கர் அவர்கள் பகவான் புத்தருடைய திருவுருவத்தை நிறுவினார்கள். அத்திருவுருவம் பர்மா நாட்டிலிருந்து வந்தது. பாபாசாகேப்பும் அம்மாதத் தொடக்கத்தில் இரங்கூனில் நடந்த உலகப் பௌத்தர் மாநாட்டுக்குச் சென்று திரும்பியிருந்தார். இச்செய்தியை நம் அன்பர்கள் நன்கறிவர். ஆனால் அதே டிசம்பர் 25-ந் தேதி, இருபத்தேழு ஆண்டுகளுக்கு முன், அவர் கொங்கணத்துச் சிற்றூர் ஒன்றில், நீதிமன்றத் தடையுத்தரவுக்கு உட்பட்ட ஒரு பிரதிவாதியாக நின்றார் என்பதை நினைவில் வைத்திருப்போர் சிலரே. ஒரு குளம் யாருக்குச் சொந்தம் என்பதே அவ்வழக்கு. அவருடைய வாழ்க்கையை அந்த வழக்கின் வழியாகச் சொல்லிப் பார்ப்பது தகும் என்று கருதுகிறேன்.

பீமராவ் 1891-ம் ஆண்டு ஏப்ரல் 14-ந் தேதி மத்திய இந்தியாவில் மாவ் என்னும் இராணுவக் குடியிருப்பில் பிறந்தார். தந்தை ராம்ஜி சக்பால் படையில் சுபேதார். சதாராவில் பள்ளியிற் படித்த காலத்தில், உட்காருவதற்குச் சாக்குத் துண்டு ஒன்றை வீட்டிலிருந்து கொண்டுபோக வேண்டும். தாகம் எடுத்தால் தாமே குழாயைத் திறந்து நீர் அருந்தலாகாது. ஆசிரியர் அநுமதி தரவேண்டும், பள்ளிச் சேவகன் வந்து குழாயைத் திறந்துவிட வேண்டும். சேவகன் இல்லாத நாளில் தண்ணீரும் இல்லை. ஒரு விடுமுறையில், கோரேகாமில் உத்தியோகம் பார்த்த தந்தையைக் காணச் சகோதரனோடும் உறவுப் பிள்ளைகளோடும் மசூர் நிலையத்தில் இறங்கி, மாட்டு வண்டியில் சென்றபோது, கட்டுச்சோறு கையிலிருந்தும் குடிக்க நீர் கிடையாமல் உண்ணாதே கிடந்தனர். சுங்கச் சாவடிக்காரன் தண்ணீர் தர மறுத்தான்.

இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். சுங்கச் சாவடி பொதுப் பாதையில் இருந்தது. பள்ளிக் குழாயும் எந்தத் தனி மனிதனும் தன் முற்றத்தில் நாட்டிய குழாயன்று. தன் வீட்டுக் கிணற்றில் ஒருவன் பிறரை அநுமதிக்க மறுப்பது ஒரு வகை. ஊரார் அனைவருக்கும் உரியதை ஒரு பகுதியார் தம் வீட்டுக் கிணறுபோல் பாவித்துக் காவல் காப்பது வேறு வகை. முன்னது உரிமை எனப்படும். பின்னதற்கு வழக்கம் என்று பெயர் சூட்டியிருந்தார்கள்.

அவருடைய கல்வியின் பெருமையை இப்பத்திரிகையைப் படிப்போர்க்கு விரித்துரைக்க வேண்டுவதில்லை. பரோடா மன்னர் உதவியால் 1913-ல் அமெரிக்கா சென்று கொலம்பியா பல்கலைக் கழகத்திலும், பின்னர் லண்டனிலும் பயின்று, பாரிஸ்டராகத் திரும்பி 1923-ல் பம்பாயில் வக்கீல் தொழிலைத் தொடங்கினார்.

அதே 1923-ம் ஆண்டு ஆகஸ்டு மாதத்தில் பம்பாய்ச் சட்டசபையில் எஸ். கே. போலே என்பவர் ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். பொதுப் பணத்தைக் கொண்டு கட்டிப் பராமரிக்கப்படும் நீர்நிலைகள், கிணறுகள், தருமசாலைகள், பள்ளிகள், மருத்துவ சாலைகள் யாவும் தீண்டப்படாதார்க்கும் திறந்திருக்க வேண்டும் என்பது அதன் சாரம். தீர்மானம் நிறைவேறிற்று. சர்க்காரும் உத்தரவிட்டது. மறு ஆண்டு நம் சென்னைச் சட்டசபையிலே இரட்டைமலை சீனிவாசன் அவர்கள் பொதுச் சாலைகளையும் கிணறுகளையும் குறித்து இத்தகைய தீர்மானத்தைக் கொணர்ந்து நிறைவேற்றுவித்ததைத் தமிழ் மக்கள் மறக்கலாகாது. கொலாபா ஜில்லாவைச் சேர்ந்த மகாட் நகரசபையும் 1924-ல் தன் ஆளுகையிலுள்ள சவ்தார் குளத்தை எல்லார்க்கும் திறந்துவிட்டதாகத் தீர்மானித்தது. (அந்த ஜில்லாவுக்கு இப்போது ராய்கட் என்று பெயர்.) காகிதத்திலே குளம் திறந்தது. மூன்றாண்டுகள் வரை அதில் இறங்கியவர் ஒருவருமில்லை.

1927-ம் ஆண்டு மார்ச்சு மாதம் 19, 20 தேதிகளில் மகாட் நகரில் ஒடுக்கப்பட்டோர் மாநாடு கூடியது. இரண்டாம் நாள் ஆயிரக் கணக்கான மக்கள் வரிசையாகக் குளத்துக்கு நடந்தனர். பாபாசாகேப் கையால் நீரை அள்ளிப் பருகினார். மற்றவரும் பருகினர். அவ்வளவே நடந்தது. சிறிது நேரத்துக்கெல்லாம், இவர்கள் வீரேசுவரர் கோயிலிலும் புகப்போகிறார்கள் என்ற வதந்தி கிளம்பிற்று. தடியேந்திய கூட்டம் மாநாட்டுப் பந்தலில் உணவருந்திக் கொண்டிருந்தவர்களைத் தாக்கியது. ஊருக்குத் திரும்பிச் சென்றோர் வழியெங்கும் அடிபட்டனர். பதிலுக்கு அடிக்கும் வலிமை அத்தனை ஆயிரம் பேருக்கு இல்லாமற் போகவில்லை. பாபாசாகேப் அவர்களை அடக்கி நிறுத்தினார். பின்னர் மேல்சாதியார் நூற்றெட்டுக் குடம் நீரை முகந்து வெளியே கொட்டி, சாணமும் கோமயமும் பாலும் தயிரும் கலந்து, மந்திரம் ஓதிக் குளத்தைச் சுத்தி செய்தார்கள். கால்நடைகள் குடித்தும் வேற்று மதத்தினர் முகந்தும் கெடாத நீர், இவர்கள் ஒரு கை அள்ளியதால் கெட்டுப்போயிற்று! ஆகஸ்டு மாதத்தில் நகரசபை தன் பழைய தீர்மானத்தையும் ரத்து செய்துவிட்டது.

மறுபடியும் மகாட் சென்று குளத்தில் நீர் எடுப்பது என்று 1927 டிசம்பருக்கு நாள் குறிக்கப்பட்டது. அப்போதுதான் எதிர்த் தரப்பார் தடியை வைத்துவிட்டுச் சட்டத்தைக் கையில் எடுத்தனர். டிசம்பர் 12-ந் தேதி மகாட் நீதிமன்றத்தில் பாபாசாகேப் மீதும் அவருடைய தோழர்கள் மீதும் ஒரு சிவில் வழக்குத் தொடுத்தார்கள். அந்தக் குளம் பொதுச் சொத்தன்று, சாதி இந்துக்களுக்கே பாத்தியப்பட்ட தனிச் சொத்து, அதில் தீண்டப்படாதார் நீர் எடுக்கக் கூடாது என்பது நெடுங்கால வழக்கம், ஆகவே நிரந்தரத் தடை வழங்க வேண்டும் என்பது அவர்கள் பிராது. இரண்டே நாளில், டிசம்பர் 14-ந் தேதி, தற்காலிகத் தடையுத்தரவு கிடைத்தது.

இந்த வாதத்தின் சூட்சுமத்தை எண்ணிப் பார்க்க வேண்டும். பொதுக் குளம் என்று ஒப்புக்கொண்டால் தடுப்பதற்கு நியாயம் இல்லை. ஆகவே பொதுச் சொத்தையே தனிச் சொத்தாக்கிவிட்டனர். சொத்துரிமையைக் காப்பதற்கென ஏற்பட்ட சட்டம், பிறர் உரிமையைப் பறிப்பதற்கு வேலியாக்கப்பட்டது.

டிசம்பர் 25-ந் தேதி மகாட்டில் பல்லாயிரம் பேர் கூடிவிட்டார்கள். பந்தல் போடுவதற்கு இந்துக்கள் எவரும் இடம் தராமையால், ஒரு முகம்மதிய அன்பர் தம் நிலத்தைக் கொடுத்தார். தன் சொத்தை இன்னார்க்குத் தருவேன் என்று சொல்லும் அவருடைய உரிமையினாலேதான் அந்த மாநாடு நடந்தது. இதையும் நாம் மறக்கலாகாது. அன்றிரவு, பிறப்பினால் மனிதரைத் தரம் பிரித்து, சூத்திரன் பொருள் சேர்ப்பதையும் தடுக்கும் மநுஸ்மிருதி நூலைத் தீயிலிட்டனர். அத்தீர்மானத்தை முன்மொழிந்தவர் சகஸ்ரபுத்தே என்னும் பிராமண அன்பர்.

குளத்துக்குப் போவதா, தடையுத்தரவை மதிப்பதா என்ற கேள்வி எஞ்சி நின்றது. சிறை செல்லவும் சித்தமாய் வந்தவர்கள் அம்மக்கள். ஜில்லா கலெக்டர் நேரில் வந்து பொறுத்திருக்குமாறு கேட்டுக்கொண்டார். பாபாசாகேப் ஆழ்ந்து ஆலோசித்து, சத்தியாக்கிரகத்தை ஒத்திவைக்கச் சொன்னார். ஊரைச் சுற்றி ஊர்வலம் மட்டும் நடந்தது. மக்கள் நீரைத் தொடாமல் திரும்பினர். அன்று பலருக்கு மனவருத்தம் இருந்தது. அம்முடிவு சரியா என்று இன்றும் வாதிப்போர் உண்டு. அது சரியென்பதே என் எண்ணம். சட்டத்தின் துணையை நாடியே அவர் அந்தக் குளத்துக்குப் போனார். நகரசபைத் தீர்மானமும் சர்க்கார் உத்தரவுமே அவர் பற்றுக்கோடு. தமக்குச் சாதகமான உத்தரவைக் காட்டி உரிமை கேட்பவர், பாதகமான உத்தரவு வந்ததும் அதைக் கிழித்தெறிந்தால், கேட்கும் உரிமையின் வேரே அறுந்துபோகும்.

பிறகு வழக்கு நடந்தது. ஒன்பதாண்டுகளுக்கு மேல் நடந்தது. இடையே அவர் நாசிக்கில் காலாராமர் கோயில் நுழைவுப் போராட்டத்தை நடத்தினார், வட்டமேஜை மாநாடுகளுக்கு லண்டன் சென்றார், பூனா ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். மகாட் வழக்கோ கோர்ட்டுக்குக் கோர்ட்டு ஏறிக்கொண்டிருந்தது. 1931-ல் முதல் நீதிமன்றம் வழக்கைத் தள்ளிற்று. 1933-ல் மேல் முறையீடும் தள்ளுபடியாயிற்று. இறுதியாக 1937-ம் ஆண்டு மார்ச்சு 17-ந் தேதி பம்பாய் ஐகோர்ட்டில் நீதிபதிகள் புரூம்ஃபீல்டு, வாடியா இருவரும் பாபாசாகேப்புக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தனர்.

அத்தீர்ப்பு நிதானமாக எழுதப்பட்டது. குளத்தைச் சுற்றிலும் நகரசபைச் சாலை. சாலைக்கு அப்பால் பெரும்பாலும் சாதி இந்துக்களின் வீடுகள். அவ்வீட்டாரிற் பலருக்குக் கரையோரத்தில் சிறு நிலத் துண்டுகளும் படித்துறைகளும் சொந்தமாக இருந்தன. ஆனால் கரையிலே துண்டு நிலம் உடையவன் நீருக்கு உடையவன் ஆகிவிட மாட்டான். குளம் நகரசபையைச் சார்ந்தது என்பது கீழ்க் கோர்ட்டிலேயே முடிவாகிவிட்டது. எஞ்சியிருந்தது வழக்கம் என்ற வாதம். ஒரு வழக்கம் சட்டத்தின் வலிமை பெற வேண்டுமானால் அது நினைவுக்கெட்டாத காலமாக நிலவியதென்று நிரூபிக்க வேண்டும். இதை வாதிகளால் நிரூபிக்க முடியவில்லை. சாதி இந்துக்கள் வீடுகளுக்கு நடுவேயிருந்த குளத்துக்குத் தீண்டப்படாதார் வராதிருந்தார்கள் என்றால், அவர்கள் வர முயலவில்லை என்றே அது காட்டும். வரும் உரிமை அவர்களுக்கு இல்லை என்று காட்டாது.

வெற்றிதான். ஆயினும் வக்கீலின் கண்ணால் பார்ப்போர்க்கு அந்த வெற்றியில் ஒரு பள்ளம் தெரியும். வழக்கம் நிரூபணமாகவில்லை என்றுதான் கோர்ட்டு சொல்லிற்று. நிரூபணமாகியிருந்தால் அவ்வழக்கம் நியாயமானதா, பொதுநலத்துக்கு விரோதமானதா என்ற கேள்விக்குள் நீதிபதிகள் புகவேயில்லை. அக்கேள்வி எழவில்லை என்று விட்டுவிட்டார்கள். ஆயிரம் ஆண்டுச் சான்றோடு வேறொருவன் வேறொரு குளத்துக்காக வந்திருந்தால் என்னாகும்?

விடை பன்னிரண்டு ஆண்டுகளுக்குப் பின் வந்தது. 1947 ஆகஸ்டில் அரசியல் சாசன வரைவுக் குழுவின் தலைமை பாபாசாகேப்பிடம் வந்தது. 1949 நவம்பர் 26-ந் தேதி ஏற்கப்பட்ட அந்தச் சாசனத்தின் 15-வது பிரிவை எடுத்துப் பாருங்கள். அரசாங்கப் பணத்தில் முழுதுமோ பகுதியோ பராமரிக்கப்படுவனவும், பொதுமக்கள் உபயோகத்துக்கென விடப்பட்டனவுமான கிணறுகள், குளங்கள், நீராடு துறைகள், சாலைகள் ஆகியவற்றைப் பயன்படுத்தச் சாதியோ மதமோ தடையாகாது என்று இருக்கிறது. அடிப்படை உரிமை ஏட்டிலே குளத்துக்கும் படித்துறைக்கும் இடம் கிடைத்ததைக் கண்டு வியப்போர், மகாட் வழக்கை அறிந்தால் வியக்கமாட்டார். 17-வது பிரிவு தீண்டாமையை ஒழித்தது. 13-வது பிரிவோ, சட்டம் என்ற சொல்லுக்குள் வழக்கத்தையும் அடக்கி, அடிப்படை உரிமைக்கு மாறானது எத்தனை பழமையானதாயினும் செல்லாது என்றாக்கிற்று. ஐகோர்ட்டு திறவாமல் விட்ட கதவு இது. உரிமை மீறப்பட்டால் எவரும் நேரே உச்ச நீதிமன்றம் செல்ல 32-வது பிரிவு வழி செய்தது. சாசனத்தின் இதயமாக இதனையே பாபாசாகேப் மதித்தார். பின்னர் 1955-ல் தீண்டாமைக் குற்றச் சட்டம் வந்தது. 1976-ல் அது திருத்தம் பெற்றுக் குடியுரிமைப் பாதுகாப்புச் சட்டம் என்று பெயர் மாறிற்று.

பொதுச் சொத்தைப் பற்றி மட்டுமே அவர் கவலைப்பட்டார் என்று எண்ணலாகாது. பெண்ணுக்குச் சொத்தில் பங்கு வேண்டுமென்று இந்துச் சட்ட மசோதாவுக்காகப் போராடி, அது கைவிடப்பட்டதனால் 1951-ல் மந்திரி பதவியைத் துறந்தார். 1956-ல் வாரிசுரிமைச் சட்டம் வந்தது. பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் சம பங்கு 1989-ல் தமிழ்நாட்டிலும், 2005-ல் நாடு முழுவதும் கிடைத்தது. மறுபுறம், நிலம் ஒரு சிலர் கையில் குவிவதை அவர் ஒப்பவில்லை. 1947-ல் எழுதிய திட்டத்தில் விளைநிலம் அரசின் உடைமையாக வேண்டும் என்றார். கொங்கணத்துக் கோத்திப் பண்ணையார் முறையை ஒழிக்க 1937-ல் மசோதா கொணர்ந்தார். சாசனம் முதலில் சொத்துரிமையை அடிப்படை உரிமைகளில் ஒன்றாகவே வைத்திருந்தது. 1978-ம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின் அது 300-ஏ பிரிவின்படி சட்ட உரிமையாக மட்டும் நிலவுகிறது. பொதுக் குளத்தில் இறங்கும் உரிமையோ அடிப்படை உரிமையாகவே நிலைத்திருக்கிறது.

அவர் மனத்தை நெடுநாள் அரித்தது மகார் வதன் என்னும் நில முறை. கிராமத்து மகார்களுக்குச் சிறிது மானிய நிலம் உண்டு. அதற்கு ஈடாகக் குடும்பம் முழுவதும், இரவு பகல் பாராமல், சர்க்கார் உத்தியோகஸ்தர் இட்ட ஏவலைச் செய்தாக வேண்டும். வீட்டில் ஆண்மகன் இல்லையென்றால் வேறு யாராவது போக வேண்டும். 1874-ம் ஆண்டுச் சட்டம் இதற்கு அரண் செய்தது. பேருக்குச் சொத்து; உண்மையில் கால் விலங்கு. நிலத்தை வைத்துக்கொண்டு தீர்வை கட்டட்டும், அடிமை வேலை ஒழியட்டும் என்று 1928 மார்ச்சில் அவர் பம்பாய்ச் சட்டசபையில் மசோதா கொணர்ந்தார். ஆதரவு கிட்டாமல் மறு ஆண்டில் திரும்பப் பெற நேர்ந்தது. 1956 டிசம்பர் 6-ந் தேதி அவர் மறைந்தபோதும் அம்முறை முற்றும் ஒழிந்திருக்கவில்லை. 1958-ல் இயற்றப்பட்ட பம்பாய்ச் சட்டம், ஊழியக் கடமையை நீக்கி, உரிய தொகை கட்டியவர்க்கு அந்நிலங்களை அவரவர் பெயரிலேயே மீண்டும் வழங்கிற்று.