செருப்பு சுமந்தவர் நடத்திய வாள் வேட்டை

ஜப்பான் நாட்டில் 1588-ம் ஆண்டு ஒரு வேட்டை நடந்தது. மான் வேட்டையோ, புலி வேட்டையோ அல்ல. வாள் வேட்டை! அதிகாரிகள் ஊர் ஊராகப் போனார்கள். குடியானவர்களின் வீடுகளில் இருக்கும் வாள், குத்துவாள், வில், ஈட்டி, துப்பாக்கி எதுவானாலும் கொண்டுவந்து ஒப்படைக்க வேண்டும் என்று உத்தரவு போட்டார்கள்.

உத்தரவைப் பிறப்பித்தவர் டொயோடோமி ஹிடெயோஷி. துண்டு துண்டாகக் கிடந்த ஜப்பானை ஒரே ஆட்சியின் கீழ் கொண்டுவந்தவர். அந்த நாட்டுப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் அனைவருக்கும் தெரிந்த பெயர். இதில் வேடிக்கை என்னவென்றால், அவரும் ஒரு குடியானவர் வீட்டுப் பிள்ளைதான். கையில் ஆயுதம் எடுத்ததால்தான் அவர் மேலே வந்தார்.

குடும்பப் பெயர் இல்லாத சிறுவன்

ஹிடெயோஷி 1537-ம் ஆண்டு வாக்கில் ஓவாரி மாகாணத்தில் நாகமுரா என்ற கிராமத்தில் பிறந்தார். இன்று அந்த இடம் நகோயா நகரத்துக்குள் அடங்கிவிட்டது. தகப்பனார், சண்டை வந்தால் ஈட்டியைத் தூக்கிக்கொண்டு போகும் சாதாரணக் காலாள். மற்ற நாளில் நிலத்தில் பாடுபடுகிறவர். குடும்பப் பெயர் வைத்துக்கொள்ளும் அந்தஸ்து அவர்களுக்குக் கிடையாது. தகப்பனார் சீக்கிரமே போய்ச் சேர்ந்துவிட்டார். பையன் வேலை தேடி வீட்டை விட்டுக் கிளம்பினான்.

அப்போது ஜப்பானில் உள்நாட்டுச் சண்டை தொடங்கி எண்பது ஆண்டுகளுக்கு மேல் கடந்திருந்தன. கியோட்டோவில் சக்கரவர்த்தி பெயருக்கு இருந்தார். அதிகாரம் முழுவதும் பிரபுக்கள் கையில். இந்தப் பிரபு அந்தப் பிரபுவின் கோட்டையைப் பிடிப்பதும், அடுத்த ஆண்டு இழப்பதும் வாடிக்கை. இப்படிப்பட்ட காலத்தில் கிராமத்தான் வெறுங்கையோடு இருக்க முடியுமா? ஒவ்வொரு வீட்டிலும் வாள் இருந்தது. கொள்ளைக்காரன் வந்தாலும், பக்கத்து ஊரான் வாய்க்காலை அடைத்தாலும், மலையில் விறகு வெட்ட விடாமல் தடுத்தாலும் அதை எடுத்துக்கொண்டு ஓடினார்கள். வரி அதிகமானால் அதே வாளோடு பிரபுவின் மாளிகைக்கும் போனார்கள்.

1543-ல் தனேகாஷிமா என்ற தீவில் போர்த்துக்கீசியர்கள் வந்து இறங்கினார்கள். அவர்களிடம் திரி வைத்துச் சுடும் துப்பாக்கி இருந்தது. ஜப்பானியக் கொல்லர்கள் அதைப் பார்த்துவிட்டுச் சும்மா இருக்கவில்லை. சில ஆண்டுகளில் சகாய், குனிடோமோ, நெகோரோ ஆகிய ஊர்களில் உலைகள் இரவு பகலாக எரிந்தன. முப்பது ஆண்டுகளுக்குள் ஆயிரக்கணக்கான துப்பாக்கிகள் நாட்டில் பரவிவிட்டன.

செருப்புத் தூக்கும் வேலை

ஊரை விட்டுக் கிளம்பிய பையன் கடைசியில் ஓடா நோபுநாகா என்ற இளம் பிரபுவிடம் சேர்ந்தான். எஜமானருக்குச் செருப்பு எடுத்துக் கொடுக்கும் வேலை. ஒரு பனிக்கால இரவில் நோபுநாகா செருப்பைக் காலில் போட்டபோது அது கதகதப்பாக இருந்ததாம். செருப்பின் மேல் உட்கார்ந்திருந்தாயா என்று கோபப்பட்டாராம். எஜமானரின் கால் குளிரக்கூடாது என்று மார்புக்குள் வைத்துக் காத்திருந்ததாகப் பையன் சொன்னானாம். இது பிற்காலத்தில் கட்டிய கதையாகவும் இருக்கலாம். ஆனால் ஜப்பானில் இதைத் தெரியாதவர் இல்லை. ஆள் குள்ளம். முகம் ஒரு மாதிரி. அதனால் குரங்கு என்ற பட்டப்பெயரும் ஒட்டிக்கொண்டது.

ஆள் எப்படி இருந்தால் என்ன, மூளை கூர்மை. கணக்கு வழக்கு, கட்டடம், எதிரியோடு பேரம் பேசுவது எல்லாவற்றிலும் கெட்டிக்காரர். படிப்படியாக உயர்ந்தார். 1573-ல் நோபுநாகா அவருக்கு பிவா ஏரிப் பக்கம் ஒரு பகுதியையே கொடுத்தார். அங்கே நாகஹாமாவில் கோட்டை கட்டிக்கொண்டார். துப்பாக்கி செய்யும் குனிடோமோ கிராமம் அதற்கு மிக அருகில்தான் இருக்கிறது. துப்பாக்கி எவ்வளவு சுலபமாகத் தயாராகிறது என்பதை அவர் கிட்டத்தில் இருந்தே பார்த்தார்.

1582 ஜூனில் நோபுநாகாவை அவருடைய தளபதி அகெச்சி மிட்சுஹிடெ துரோகம் செய்து கியோட்டோவில் சூழ்ந்துகொண்டார். நோபுநாகா தற்கொலை செய்துகொண்டார். ஹிடெயோஷி அப்போது மேற்கே வெகுதூரத்தில் ஒரு கோட்டையை முற்றுகையிட்டிருந்தார். செய்தி கிடைத்ததும் எதிரியோடு அவசரமாகச் சமாதானம் பேசி முடித்துவிட்டு, படையோடு ஓட்டமும் நடையுமாகத் திரும்பினார். இரண்டு வாரத்துக்குள் மிட்சுஹிடெயின் கதை முடிந்தது. 1585-ல் சக்கரவர்த்தியின் பிரதிநிதி என்ற பதவி ஹிடெயோஷிக்குக் கிடைத்தது. டொயோடோமி என்ற குடும்பப் பெயரைச் சக்கரவர்த்தியே கொடுத்தார்.

முதலில் நிலம், பிறகு வாள்

ஆட்சி கைக்கு வந்ததும் அவர் முதலில் தொட்டது வாளை அல்ல, நிலத்தை. வயல் வயலாக அளந்து, எவ்வளவு நெல் விளையும் என்று கணக்கெடுத்து, ஒவ்வொரு வயலுக்கும் ஒரு குடியானவரின் பெயரைப் பதிவேட்டில் எழுதினார்கள். நமது ஊர்ப் பட்டா மாதிரி என்று வைத்துக்கொள்ளலாம். விளைச்சலில் மூன்றில் இரண்டு பங்கு பிரபுவுக்கு, ஒரு பங்குதான் உழுதவருக்கு என்று விதி வந்தது. இப்படி அளக்க வருகிறவனை, வீட்டில் வாள் வைத்திருக்கும் ஊர் சும்மா விடுமா?

1585-ல் கீ மாகாணத்தின் மீது படையெடுத்தபோதே அவருக்கு இது தெரிந்துவிட்டது. அங்கே நெகோரோ மடத்துச் சாமியார்களும் சைகா ஊர்க்காரர்களும் குறி பார்த்துச் சுடுவதில் பேர் போனவர்கள். எந்தப் பிரபுவுக்கும் அடங்காதவர்கள். மடம் எரிந்தது. கடைசிக் கோட்டை பணிந்ததும், தலைவர்களைத் தண்டித்துவிட்டு மற்றவர்களைப் பிழைத்துப்போக விட்டார். ஆனால் ஒரு நிபந்தனை: ஆயுதங்களை விட்டுவிட்டு விவசாயத்தை மட்டும் பார்க்கவேண்டும். கோயா மலை மடமும் ஆயுதங்களை ஒப்படைக்க நேர்ந்தது.

1587-ல் தெற்கே கியூஷு தீவையும் வென்றார். அங்கே ஹிகோ மாகாணத்தை சாஸா நரிமாசா என்ற பிரபுவிடம் ஒப்படைத்தார். நரிமாசா அவசரப்பட்டு நிலத்தை அளக்கத் தொடங்கினார். மாகாணமே கிளர்ந்தது. அதை அடக்கப் பெரும்படை போகவேண்டியதாயிற்று. 1588-ல் ஹிடெயோஷி நரிமாசாவை வயிற்றைக் கிழித்துக்கொண்டு சாகும்படி செய்துவிட்டார். சில வாரங்களில் வாள் வேட்டை உத்தரவு வெளிவந்தது. தேதி 1588 ஆகஸ்டு 29.

ஆணியும் தாழ்ப்பாளும்

உத்தரவில் மூன்றே பிரிவுகள். வேண்டாத ஆயுதம் வைத்திருப்பவர்கள் வரி கட்டத் தயங்குகிறார்கள், கலகத்துக்குத் துணிகிறார்கள், அதனால் குடியானவர்கள் ஆயுதம் வைத்திருக்கக்கூடாது என்பது முதல் பிரிவு. சேகரித்த இரும்பு வீணாகாது, கியோட்டோவில் எழும் பெரிய புத்தர் கோவிலுக்கு ஆணியாகவும் தாழ்ப்பாளாகவும் ஆகும், கொடுத்தவர்களுக்கு இந்தப் பிறவியில் மட்டுமல்ல, மறுபிறவியிலும் புண்ணியம் என்பது இரண்டாவது. கலப்பையோடு மட்டும் இருந்தால் பிள்ளை பேரன் காலம் வரை சுகமாக வாழலாம் என்பது மூன்றாவது.

இரண்டாவது பிரிவுதான் சாமர்த்தியம். வாளைப் பிடுங்கினால் ஆத்திரம் வரும். கோவிலுக்குக் காணிக்கை என்றால் கை தானாக நீளும். ஆனால் எல்லோரும் ஏமாந்துவிடவில்லை. இதெல்லாம் கலகத்தைத் தடுக்கும் ஏற்பாடுதான் என்று நாரா நகரத்து மடத்துச் சாமியார் ஒருவர் அப்போதே நாட்குறிப்பில் எழுதிவைத்தார்.

அதே நாளில் கடற்கொள்ளையைத் தடுக்கவும் ஓர் உத்தரவு போட்டார். படகு வைத்திருப்பவர்களும் மீனவர்களும் இனி கொள்ளையில் இறங்குவதில்லை என்று எழுதிக்கொடுக்க வேண்டும்.

எவ்வளவு கிடைத்தது? காகா மாகாணத்தில் ஒரு பகுதியின் கணக்கு நமக்குக் கிடைத்திருக்கிறது. 1,073 வாள்கள், 1,540 குத்துவாள்கள், 160 ஈட்டி முனைகள், 700 சிறு கத்திகள். ஒரு சிறிய பகுதிக்கு இது கொஞ்சம் இல்லை. ஆனால் பட்டியலில் வில் ஒன்றும் இல்லை, துப்பாக்கியும் இல்லை! உத்தரவில் துப்பாக்கி என்று தெளிவாகவே எழுதியிருந்தது. அதிகாரிகள் கண்ணை மூடிக்கொண்டார்களா, ஜனங்கள் மறைத்துவிட்டார்களா? இரண்டுமே நடந்திருக்கும். காட்டுப்பன்றியும் மானும் பயிரை அழிக்கும்போது துப்பாக்கி இல்லாமல் மலையடிவாரத்தில் விவசாயம் செய்ய முடியாது. வேட்டைக்காரர்களுக்கும், கோவில் திருவிழாவுக்குத் தேவையான வாளுக்கும் விலக்கு கொடுத்த ஊர்களும் உண்டு.

ஆகவே இரும்பை எல்லாம் ஒழிப்பது ஹிடெயோஷியின் முழு நோக்கம் என்று சொல்லமுடியாது. இடுப்பில் வாள் கட்டும் உரிமை யாருக்கு என்பதை முடிவு செய்வதே முக்கியம். பிரபுக்களிடமும் அவர்களுடைய சிப்பாய்களிடமும் இருந்த வாளை யாரும் எண்ணவில்லை. குனிடோமோ உலைகளும் அணையவில்லை.

தண்ணீர்ச் சண்டைக்கு 83 பேர்

இனி சண்டை சச்சரவை வாளால் தீர்க்கக்கூடாது, வழக்காகக் கொண்டுவரவேண்டும் என்பதும் அவருடைய சட்டம். இதில் நல்லது இல்லை என்று சொல்வதற்கில்லை. வாய்க்கால் சண்டையில் எத்தனை உயிர் போகும் என்பது நமது கிராமங்களில் பிறந்தவர்களுக்குத் தெரியும். ஆனால் சட்டத்தை நிறைவேற்றிய முறையைப் பாருங்கள். 1592-ல் செத்சு மாகாணத்தில் இரண்டு ஊர்க்காரர்கள் தண்ணீருக்காக ஆயுதம் எடுத்துச் சண்டை போட்டார்கள். அதற்காக 83 பேரைக் கழுமரத்தில் கட்டிக் கொன்றார்கள். தகப்பனுக்குப் பதிலாக 13 வயதுச் சிறுவன் ஒருவனும் அதில் செத்தான். கொடுத்த வாளுக்கு ஈடாகக் கிடைத்த நீதி இப்படி இருந்தது.

அதற்கு முந்திய ஆண்டு, 1591-ல், இன்னொரு உத்தரவு வந்தது. சிப்பாய் வேலை பார்த்தவன் இனி குடியானவனாகவோ வியாபாரியாகவோ ஊரில் நுழையக்கூடாது. குடியானவன் வயலைப் போட்டுவிட்டு வியாபாரத்துக்கோ கூலி வேலைக்கோ போகக்கூடாது. பிழைப்புத் தேடி ஊர்விட்டு ஊர் போவதே குற்றம்! இந்தச் சட்டம் ஐம்பது ஆண்டுகளுக்கு முன் இருந்திருந்தால், நாகமுராவில் இருந்து கிளம்பிய பையன் எந்தப் பிரபுவுக்கும் செருப்பு தூக்கியிருக்க முடியாது. ஏறிவந்த ஏணியை எட்டி உதைப்பது என்பார்களே, அதுதான் இது.

மிச்சமான படை

1590-ல் ஒடாவாரா கோட்டை விழுந்ததும் உள்நாட்டில் சண்டை போட ஆள் இல்லை. குடியானவர்களின் வாள் புத்தருக்குப் போய்விட்டது. ஆனால் நூறாண்டுச் சண்டையில் வளர்ந்த லட்சக்கணக்கான சிப்பாய்களையும் அவர்களுடைய துப்பாக்கிகளையும் என்ன செய்வது? எந்தக் கோவிலுக்கு ஆணி அடிப்பது? ஹிடெயோஷி அதற்கு உத்தரவு எழுதவில்லை. சீனாவைப் பிடிக்கப் போகிறேன் என்று கிளம்பினார். அதற்கு வழி கொரியா. 1592-ல் சுமார் 1 லட்சத்து 58 ஆயிரம் பேர் கடல் தாண்டினார்கள். அந்தப் படைக்குச் சோறும் மூட்டை சுமக்க ஆளும், வாளைக் கொடுத்துவிட்டு வந்த அதே கிராமங்களில் இருந்துதான் போயின.

கொரியாவில் நகரங்கள் எரிந்தன. கொரியக் கடற்படைத் தளபதி யி சுன்-சின் ஜப்பானியக் கப்பல்களை மூழ்கடித்தார். சீனப் படையும் வந்து சேர்ந்தது. 1597-ல் இரண்டாவது முறையும் படை போனது. கொன்றதற்கு அத்தாட்சியாகத் தலையைக் கொண்டுவருவது சிரமம் என்று, மூக்கை அறுத்து உப்புப் போட்டுப் பீப்பாய்களில் அனுப்பினார்கள். பல்லாயிரக்கணக்கான மூக்குகள். அவற்றைக் கியோட்டோவில் பெரிய புத்தர் கோவிலுக்கு எதிரே புதைத்து ஒரு மேடு எழுப்பினார்கள்.

அந்தப் புத்தர் அப்போது அங்கே இல்லை. சுமார் 60 அடி உயரத்தில், நாராவில் உள்ள புத்தரைவிடப் பெரிதாக, மரத்தில் செய்து அரக்குப் பூசி நிறுத்திய சிலை அது. 1596-ல் வந்த பூகம்பத்தில் நொறுங்கிப் போய்விட்டது. தன்னையே காத்துக்கொள்ள முடியாத புத்தர் நாட்டை எப்படிக் காப்பார் என்று கோபப்பட்டு ஹிடெயோஷி அதன் மேல் அம்பு விட்டதாக ஒரு கதை உண்டு.

1598 செப்டம்பர் 18-ந்தேதி புஷிமி கோட்டையில் ஹிடெயோஷி இறந்தார். மகன் ஹிடெயோரிக்கு அப்போது ஐந்து வயது. கொரியாவில் இருந்து படை திரும்பும்வரை மரணத்தை மறைத்து வைத்தார்கள். பிள்ளையைக் காப்பாற்றுவதாகச் சத்தியம் செய்த பிரபுக்களில் ஒருவர் டோகுகாவா இயெயாசு. 1600-ல் செகிகாஹாரா சண்டையில் வென்று, 1603-ல் ஷோகன் ஆனார். ஹிடெயோரி தகப்பனாரின் கோவிலைப் புதுப்பித்து ஒரு பெரிய மணி வார்த்துக் கட்டினார். மணியில் பொறித்த எழுத்தில் தன்னைச் சபித்திருப்பதாகச் சொல்லி இயெயாசு படையெடுத்தார். 1615-ல் ஒசாகா கோட்டை எரிந்தது. ஹிடெயோரியும் மாண்டார்.

டோகுகாவா வம்சம் ஹிடெயோஷியின் குடும்பத்தைத்தான் ஒழித்தது. அவர் கொண்டுவந்த முறையை அப்படியே வைத்துக்கொண்டது. கிராமத்துத் துப்பாக்கிகள் மட்டும் விடாமல் இருந்தன. 1637-ல் ஷிமாபாராவில் வரிக் கொடுமை தாங்காமல் எழுந்த குடியானவர்கள் கையில் அவை வெடித்தன. 1687-ல் ஷோகன் சுனயோஷி நாடு முழுவதும் துப்பாக்கிக் கணக்கு எடுக்கவேண்டியிருந்தது. வாள் கட்டும் கூட்டத்தின் முறை வந்தது 1876 மார்ச் மாதத்தில்தான். ராணுவத்தினர், போலீஸ்காரர்கள், விழா உடையில் வரும் அதிகாரிகள் தவிர வேறு யாரும் வாளோடு வெளியே வரக்கூடாது என்று மெய்ஜி சர்க்கார் சட்டம் போட்டது. இன்றும் ஜப்பானில் பழைய வாள் ஒன்றை வீட்டில் வைத்திருப்பதானால் பதிவு செய்யவேண்டும். 1958-ல் வந்த சட்டம் அவ்வளவு கெடுபிடி.

ஹிடெயோஷிக்கு எழுப்பிய கோவிலை டோகுகாவா சர்க்கார் மூடிவிட்டது. 1880-ல், பெரிய புத்தர் இருந்த இடத்திலேயே அது மறுபடியும் எழுந்தது. ஹிடெயோரி கட்டிய மணி பக்கத்தில் தொங்குகிறது. கோவில் வாசலைத் தாண்டிக் கொஞ்ச தூரம் நடந்தால், புல் முளைத்து, உச்சியில் கல் தூணோடு அந்த மூக்கு மேடு நிற்கிறது. கொரியாவில் இருந்து வருகிறவர்கள் அங்கே பூ வைத்துவிட்டுப் போகிறார்கள்.