மாங்கனிக் கதையைத் திரைக்குக் கொண்டு வந்தவர்

நம்ம காரைக்கால் அம்மையார் கதையை 1973-ல் படமாக்கியவர் ஏ.பி.நாகராஜன். 1928-ல் சேலம் பக்கம் பிறந்தவர். சின்ன வயசிலேயே டி.கே.எஸ். சகோதரர்கள் நாடகக் குழுவில் சேர்ந்து பெண் வேடம் போட்டார். தான் எழுதிய ‘நால்வர்’ நாடகம் 1953-ல் படமானபோது அதில் நடிக்கவும் செய்தார்.

அப்புறம் மற்ற இயக்குநர்களுக்கு எழுதிக் கொடுத்தார். ‘மக்களைப் பெற்ற மகராசி’யில் (1957) சிவாஜியைக் கொங்குத் தமிழ் பேச வைத்தார்.

பகுத்தறிவு வசனங்களுக்குக் கைதட்டல் பறந்த காலம் அது. அப்போது புராணத்தை நம்பி இறங்கத் தனித் துணிச்சல் வேணும். ‘திருவிளையாடல்’ (1965) வெள்ளிவிழா கண்டது. அதில் சிவனையே எதிர்த்து வாதாடும் நக்கீரர் வேடத்தை அவரே எடுத்துக்கொண்டார்.

‘காரைக்கால் அம்மையா’ரில் இளம் புனிதவதியாக லட்சுமி, அம்மையாராக கே.பி.சுந்தராம்பாள். 1977-ல் நாகராஜன் இறந்தபோது ஐம்பது வயசுகூட ஆகல. ஆனி மாதம் மாங்கனி இறைக்கும்போது அவரையும் நினைச்சுக்கோங்க நண்பர்களே!